அணிந்திருக்கவில்லை என்று ஒரு முத்திரை

பார்க்காததைப் பார்த்ததாக எழுதுவதற்கு என் சொந்தக் காசில் ரப்பர் ஸ்டாம்ப் செய்துகொண்டவன் நான். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பின்னால் எங்காவது நான் நேர்மையைப் பற்றிப் பேச ஆரம்பித்தால், படிப்பவர்கள் என்னை உட்காரச் சொல்ல வசதியாக இருக்கும்.

அதைத் தேரடித் தெருவில் ஒரு கடையில் செய்தேன். பள்ளிக்கூடத் தலைமையாசிரியர் முதல் லாட்ஜ் மேனேஜர் வரை ஊருக்கே முத்திரை வெட்டிக் கொடுத்த கடை. வாசகம் நானே எழுதிக் கொடுத்தது: "மேற்படி வாகனத்தை ஓட்டி வந்தவர் தலைக்கவசம் அணிந்திருக்கவில்லை." கடைக்காரர் காகிதத்தைக் கண்ணருகே கொண்டுபோய் எழுத்துகளை எண்ணினார்.

"இன்னா சார், ரயில் வண்டி மாதிரி போவுது? சுருக்கக் கூடாதா?"

"சர்க்கார் வாக்கியம்யா. சுருங்காது" என்றேன். அந்தப் பதில் அன்றைக்கு எனக்கு மிகவும் பிடித்திருந்தது. வீட்டிலும் சொல்லிக் காட்டினேன்.

இதையெல்லாம் இப்போது கிளறக் காரணம், எனக்குப் பின்னால் வேலைக்கு வந்து இன்று எஸ்.ஐ.யாக இருக்கும் ஒரு தம்பி. ஹெல்மெட் மறுபடியும் கட்டாயம் என்று உத்தரவு வந்த வாரம் வீட்டுக்கு வந்திருந்தான். "அண்ணே, மொத மொத இது வந்தப்ப நீங்கதானே ரைட்டரு? எப்படிச் சமாளிச்சீங்க? எழுதிக் குடுங்களேன், பசங்க படிக்கட்டும்" என்றான். சமாளித்த கதையைத்தான் எதிர்பார்த்தான். கிடைக்கப்போவது இது.

எழுபதுகளின் தொடக்கத்தில் போலீசில் சேர்ந்தேன். பயிற்சியைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. காலையில் ஓடினோம், மாலையில் ஓடினோம், நடுவில் எதற்கு ஓடுகிறோம் என்று வகுப்பு எடுத்தார்கள். எனக்குக் கையெழுத்து நன்றாக இருந்தது; போதாக்குறைக்கு நூலகத்தில் நாவல் படித்துக் கெட்டுப்போன ஆள். போலீஸ் வேலையில் இந்த இரண்டும் சேர்ந்தால் ஒருவனை மேசையோடு கட்டிவிடுவார்கள். ஓடிப் பழகிய கால்களை மடக்கிக்கொண்டு, திருவண்ணாமலையை ஒட்டிய ஒரு ஸ்டேஷனில் ரைட்டர் ஏட்டாக உட்கார்ந்தேன். ஸ்டேஷன் பெயர் வேண்டாம். கட்டடம் இன்னும் நிற்கிறது, அதில் நல்லவர்கள் வேலை பார்க்கிறார்கள்.

அந்தக் காலத்தில் எங்கள் சரகத்தில் மோட்டார் பைக்குகளை விரல்விட்டு எண்ணலாம். ஒரு நெல் மண்டிக்காரர், ஒரு டாக்டர், அப்பா சொத்தில் வண்டி வாங்கிய இரண்டு மைனர்கள். வண்டிக்காரர்களை எல்லோருக்கும் தெரியும், அவர்கள் விழுந்தாலும் எல்லோருக்கும் தெரியும். எண்பதுகளில் கதை மாறியது. மல்லாட்டைக்கு, அதாவது நிலக்கடலைக்கு, இரண்டு வருஷம் நல்ல விலை கிடைத்தது, தவணைக்கு வண்டி கொடுக்க ஆள் வந்தார்கள். ஏர் ஓட்டியவர்களின் பிள்ளைகள் எல்லாம் பெட்ரோல் ஊற்றினார்கள். ரோடு மட்டும் மாட்டு வண்டிக்குப் போட்ட ரோடாகவே இருந்தது.

ஹெல்மெட் விஷயம் எழுபதுகளிலேயே சட்டத்தில் இடம் பிடித்துவிட்டது என்பார்கள். அது மாநில விதியாகி, உத்தரவாகி, சைக்ளோஸ்டைல் மையோடு எங்கள் மேசைக்கு வந்து சேர எண்பதுகளின் நடுப்பகுதி ஆகிவிட்டது. வேங்கிக்கால் ஏரிக்கரைப் பக்கம் நின்று வண்டிகளை மடக்கினோம். இன்று கலெக்டர் ஆபீசும் வீட்டு மனைகளுமாக இருக்கிற இடம். அன்று நாங்களும் கொக்குகளும்தான்.

முதல் நாளே ஒரு பெரியவர் தலையில் துண்டைச் சுற்றிக் கட்டிக்கொண்டு வந்தார்.

"ஹெல்மெட் எங்க பெரியவரே?"

"தலப்பா கட்டனவங்களுக்கு வேணாம்னு பேப்பர்ல போட்டிருக்கானே சார்."

"அது சீக்கியருக்கு."

"அவங்களுக்கு மட்டும் தல கெட்டியா? நானுந்தான் பொறந்ததுலேர்ந்து கட்டிக்கினு கீறேன்."

இதற்குச் சட்டத்தில் பதில் இருந்தது, என்னிடம் இல்லை. அடுத்து வந்தவர் பிரார்த்தனை முடித்து, மொட்டைத் தலையில் சந்தனம் பூசியிருந்தார். "ஈரம் காயறதுக்குள்ள சட்டியக் கவுத்தா சாமிக் குத்தம் சார், நீங்க ஏத்துக்கிறீங்களா?" என்றார். ஏற்றுக்கொள்ள யாரும் முன்வரவில்லை. நாங்கள் நிற்கும் இடத்துக்குக் கொஞ்சம் முன்னால் வாடகை சைக்கிள் கடை வைத்திருந்தவர், ஒரே வாரத்தில் மணிக்கணக்கில் ஹெல்மெட்டையும் வாடகைக்கு விட ஆரம்பித்தார். எங்களைத் தாண்டியதும் அதைத் திருப்பி வாங்கிக்கொள்ள மறுபக்கம் அவர் மச்சான் நின்றார். ஒரே சிவப்பு ஹெல்மெட் ஒரே காலையில் பல தலைகளில் எங்களைக் கடந்து போவதைப் பார்த்திருக்கிறேன். எல்லாத் தலையிலும் அது சட்டப்படி சரியாகவே இருந்தது.

மேலிடத்துக்கு வாராவாரம் கணக்கு அனுப்ப வேண்டும். அபராதச் சீட்டு ஒவ்வொன்றிலும் ஒரே வாக்கியத்தை எழுதி எழுதி விரல் மரத்துப்போனது. அப்படிப் பிறந்ததுதான் ஸ்டாம்ப். சீட்டுக்குப் பயன்பட்டவரை அதில் தப்பில்லை. மடக்கிய ஆள் கண்ணெதிரே வெறுந்தலையோடு நிற்பான், நான் பார்ப்பேன், குத்துவேன்.

தப்பு எங்கே நடந்தது என்றால், அந்த ஸ்டாம்ப் மெல்ல மகஜருக்குள் நுழைந்தது. மகஜர் என்பது சம்பவம் நடந்த இடத்துக்குப் போய், கண்ணில் பட்டதை மட்டும் எழுதி, ஊர்க்காரர் இருவரிடம் கையெழுத்து வாங்கும் காகிதம். விபத்து மகஜர்களிலும் அந்த வாக்கியம் தேவைப்பட்டது. பத்து விபத்தில் ஒன்பது வெறுந்தலைதான் என்பது எங்களுக்கு மனப்பாடம். பத்தாவது ஆளைப் பற்றி நான் யோசிக்கவில்லை.

பத்தாவது ஆள் கோவிந்தராஜ்.

கால்நடைத் துறையில் ஆய்வாளர். ஊர்க்காரர்களுக்கு மாட்டு டாக்டர். கீழ்பென்னாத்தூர் பக்கத்துக் கிராமங்களுக்குப் பைக்கில் போய் மாடுகளுக்கு ஊசி போடுகிறவர். மகாதீபத்துக்கு முந்தின நாள் முற்பகல், எதிரே மல்லாட்டை மூட்டை ஏற்றி வந்த லாரி ஒரு கட்டை வண்டியை முந்துவதற்காக வலது பக்கம் ஏறி, அவரை அடித்துவிட்டது.

தீபத் திருவிழா என்றால் எங்கள் ஸ்டேஷனில் நாற்காலி மேசையைத் தவிர எல்லாமே கோயில் பந்தோபஸ்துக்குப் போய்விடும். எஸ்.ஐ. மாட வீதியில் நின்றார். எனக்கும் பகல் இரண்டு மணிக்குக் கிழக்குக் கோபுரத்தண்டை டூட்டி. நடுவில் இந்த விபத்து. பஸ் பிடித்துப் போய் இறங்கியபோது, அடிபட்டவரை அங்கிருந்து எடுத்துப் போய்விட்டிருந்தார்கள். பைக் சாய்ந்து கிடந்தது. ஊசி மருந்துப் பெட்டி திறந்து, குப்பிகள் புளியமர வேரடியில் உருண்டிருந்தன. லாரி கொஞ்சம் தள்ளி நின்றது, டிரைவர் இல்லை. நாலைந்து பேர் நின்றார்கள். அதில் ஒருவர் ஏழுமலை, ரோட்டை ஒட்டிய நிலத்துக்காரர். அவர் சட்டையும் வேட்டியும் முன்பக்கம் முழுக்க நனைந்திருந்தன.

"ஆள் எங்கய்யா?"

"வேன்ல ஏத்தி ஆஸ்பத்திரிக்கு அனுப்பிட்டோம் சார்" என்றார் ஏழுமலை.

"உயிர் இருந்துச்சா?"

"இருந்துச்சு சார். தண்ணி கேட்டாரு."

"குடுத்தீங்களா?"

"குடுத்தோம் சார்."

அவ்வளவுதான் என் விசாரணை. கைக்கடிகாரத்தைப் பார்த்தேன். ரோட்டின் அகலத்தை அடி போட்டு அளந்தேன். பைக் சீட்டின் மேல் அட்டையை வைத்து மகஜர் எழுதினேன். சுற்றிலும் பார்த்தேன், ஹெல்மெட் எதுவும் இல்லை. பையிலிருந்து மைத்திண்டை எடுத்து ஸ்டாம்பை அழுத்தினேன். ஏழுமலையும் இன்னொருவரும் கையெழுத்துப் போட்டார்கள். படித்துக் காட்டவில்லை. "படித்துக் காட்டப்பட்டு, சரியென ஒப்புக்கொண்டு" என்று கடைசி வரியில் எழுதியிருந்தேன், அதுவே படித்துக் காட்டியது மாதிரிதான் என்று ஒரு எண்ணம். திரும்பி வந்தபோது ஆஸ்பத்திரியிலிருந்து தகவல் காத்திருந்தது. கோவிந்தராஜ் இறந்துவிட்டார். இரண்டு மணிக்கு நான் கிழக்குக் கோபுரத்தண்டை சரியாக நின்றேன்.

காரியம் முடிந்த பிறகு அவர் மனைவி சுலோச்சனா ஸ்டேஷனுக்கு வந்தார். சத்துணவு மையத்தில் வேலை பார்ப்பவர். கணவரின் உடைமைகளைப் பெற்றுக்கொள்ள வேண்டும். கடிகாரம், கண்ணாடி ஒரு பக்கம் உடைந்த மூக்குக்கண்ணாடி, மருந்துப் பெட்டி, ஒரு கால் செருப்பு. ஒவ்வொன்றாக மேசையில் வைத்தேன். ஒவ்வொன்றையும் தொட்டுப் பார்த்துக் கையெழுத்துப் போட்டார். பேனாவை மூடிவிட்டு நிமிர்ந்தார்.

"ஹெல்மெட் எங்க சார்?"

"ஹெல்மெட் எதுவும் இல்லம்மா."

"இருக்குமே. நீலக் கலரு. பின்னாடி வெள்ளை பெயிண்ட்ல அவரே பேர் எழுதியிருப்பாரு."

"அன்னிக்குப் போடாம வந்திருக்காரும்மா."

"யாரு பாத்தது?"

மகஜரின் நகலைத் திருப்பிக் காட்டினேன். அந்த அம்மா ஊதா மையில் இருந்த வாக்கியத்தை நிதானமாகப் படித்தார்.

"சார், எங்க ஊர்ல அவருக்குச் சட்டி டாக்டர்னு பேரு. சட்டம் வர்றதுக்கு முன்னாடியே வேலூர் போயி வாங்கியாந்து மாட்டினவரு. மாடு மெரளுதுனு தெருமுனையில கழட்டி வெப்பாரு, ஊசி போட்டதும் திரும்ப மாட்டிப்பாரு. ஜனங்க சிரிப்பாங்க. அவரும் சிரிச்சிக்கினே போடுங்கடான்னு புத்தி சொல்லுவாரு. இப்ப ஊரே பேசுது, ஊருக்கெல்லாம் சொன்னவரு தான் மட்டும் போடலயாமேனு. லாரிக்காரங்க வக்கீலும் அதத்தான் சொல்றாராம். போடாதது அவரு தப்பு, சாவும் அவரோட தப்புனு."

குரல் உயரவில்லை, கண் கலங்கவில்லை. "தேடிப் பாருங்க சார்" என்றார். நான் "பாக்கறோம்மா" என்றேன். எங்கள் தொழிலில் அதற்கு என்ன அர்த்தம் என்பது அந்த அம்மாவுக்குத் தெரிந்திருக்க வேண்டும். அடுத்த திங்கட்கிழமை வந்தார். அதற்கடுத்த திங்களும் வந்தார். வந்து பெஞ்சில் உட்காருவார். "கெடச்சுதா சார்?" என்பார். "இல்லம்மா" என்பேன். எழுந்து போவார். கூச்சல் போட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். கூச்சலுக்கு எங்களிடம் பதில் உண்டு.

அந்தச் சமயத்தில்தான் தாமோதரன் இன்ஸ்பெக்டராக மாற்றலில் வந்தார். மெலிந்த மனிதர். மேசையைத் தட்ட மாட்டார், யாரையும் டா போட மாட்டார். கான்ஸ்டபிளைக்கூட "நீங்க" என்பார். கோபம் வந்தால் மட்டும் "சார்" என்று கூடச் சேர்த்துக்கொள்வார். எந்தக் காகிதத்தையும் தானாகப் படிக்க மாட்டார். எழுதியவனே எதிரே நின்று வாய்விட்டுப் படிக்க வேண்டும். அவர் கண்ணை மூடிக்கொண்டு, பாட்டுக் கச்சேரி கேட்பது மாதிரி கேட்பார். ஏதாவது வரி உறுத்தினால் வலது கை ஆள்காட்டி விரல் ஓர் அங்குலம் மேலே எழும். நாம் நிறுத்த வேண்டும். "நீங்க பாத்தீங்களா?" என்பார். பார்த்தேன் என்றால் விரல் இறங்கும். கேள்விப்பட்டேன் என்றால், யாரிடம், எப்போது, அவர் பார்த்தாரா என்று அந்தச் சங்கிலி முடிகிறவரை விரல் அப்படியே அந்தரத்தில் நிற்கும். தலைமுறை தலைமுறையாக எழுதிவந்த "நம்பத்தகுந்த தகவலின் பேரில்" என்ற சொற்றொடர் அவர் வந்த மாதமே எங்கள் ஸ்டேஷனில் செத்துப்போனது.

நான்காவது திங்கட்கிழமை, அந்த அம்மா எழுந்து போனதை அவர் ஜன்னல் வழியாகப் பார்த்தார். கோப்போடு கூப்பிட்டார்.

"படிங்க."

படித்தேன். ரோட்டின் அகலம், புளியமரம், பைக் கிடந்த திசை. விரல் எழவில்லை. நான் அளந்தவை எல்லாம் ஒழுங்காகவே இருந்தன. பிறகு அந்த வாக்கியம் வந்தது. விரல் எழுந்தது.

"மத்ததெல்லாம் தடுமாறித் தடுமாறிப் படிச்சீங்க. இது மட்டும் மளமளன்னு வருது. கையால எழுதினதா?"

"ஸ்டாம்ப் அய்யா."

"சர்க்கார் குடுத்ததா?"

"சொந்தக் காசு அய்யா."

விரல் இறங்கவில்லை.

"நீங்க பாத்தீங்களா, ரைட்டர் சார்?"

அவர் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. "டாக்டர் சர்ட்டிபிகேட் படிங்க" என்றார். பிரேதப் பரிசோதனை அறிக்கையைக் கோப்பில் சேர்த்தவனே நான்தான். சேர்த்தேனே தவிர வாசித்ததில்லை. விலா எலும்புகள் முறிந்திருந்தன. வயிற்றுக்குள் ரத்தம் கட்டியிருந்தது. தலையில் காயம் எதுவும் இல்லை. விரல் எழுந்தது. நிறுத்தினேன், தொடரச் சொல்லிச் சைகை செய்தார். தாடைக்குக் கீழே குறுக்காக ஒரு சிராய்ப்பு.

இன்ஸ்பெக்டர் கண்ணைத் திறந்தார். எழுந்த விரலைத் தன் தாடைக்குக் கீழே கொண்டுபோய், ஒரு காதிலிருந்து மறு காதுவரை மெதுவாக இழுத்துக் காட்டினார்.

"இந்த எடத்துல என்ன சார் வரும்?"

ஹெல்மெட் வார்.

மறுநாள் காலை இருவரும் அந்த இடத்துக்குப் போனோம். ஏழுமலை நிலத்தில் மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. இன்ஸ்பெக்டர் வரப்பில் நின்றே கேட்டார். "அன்னிக்குத் தண்ணி குடுத்தீங்களாமே. எதுல குடுத்தீங்க?"

அவ்வளவுதான் கேள்வி. ஐந்தே சொல். நான் அன்றைக்கு அதன் வாசல்வரை போய்த் திரும்பி வந்தவன்.

"அவரு தொப்பிலதாங்கய்யா" என்றார் ஏழுமலை. "சொம்பு எடுத்தார வூடு அந்தாண்ட கீது. அவரு தண்ணி தண்ணின்றாரு. தலையில மாட்டியிருந்தத கழட்டி, மோட்டார் தொட்டிலேர்ந்து வாரியாந்தேன். ரெண்டு நட. பாதி எம்மேலதான் ஊத்திச்சு."

"சுலபமா கழண்டுச்சா?"

"எங்க? தாடைகிட்ட வாரு இறுக்கிக்கினு இருந்துது. எனக்கு அந்தக் கொக்கி புரியல. இழுத்துதான் எடுத்தேன்." சொல்லிவிட்டுத் தன் கையைப் பார்த்துக்கொண்டார். "தண்ணி குடுத்தது தப்பாங்கய்யா? குடுத்ததாலதான் போயிட்டாருனு என் பொண்டாட்டி சொல்றா."

"அவரு கேட்டாரு, நீங்க குடுத்தீங்க" என்றார் இன்ஸ்பெக்டர். ஏழுமலை அதை இரண்டு முறை தலையாட்டி வாங்கிக்கொண்டார்.

ஹெல்மெட் மோட்டார் கொட்டாயில் ஆணியில் தொங்கியது. செத்தவர் சாமானை வீட்டுக்குள் கொண்டுவரக் கூடாது என்று மனைவி சொல்லிவிட்டாராம். வேறு எதற்கும் எடுக்கவும் மனம் வரவில்லையாம். நீல நிறம். பின்னால் வெள்ளை பெயிண்டில் கோணலாகப் பெயர். உள்ளே இருந்த பஞ்சில் தண்ணீர் காய்ந்த கறை.

திரும்பி வந்ததும் இன்ஸ்பெக்டர் ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் நகர்த்தினார். "மூல மகஜர் கோர்ட்டுக்குப் போயிருச்சு. கூடுதல் அறிக்கைனு ஒண்ணு அனுப்பலாம். நான் உத்தரவு போடல. எழுதினா உங்களுக்கு மெமோ வரும். நான்தான் கையெழுத்துப் போட்டு அனுப்புவேன். யோசிச்சுக்கங்க."

யோசித்தேன். ஆறு நாள் யோசித்தேன். பதவி உயர்வுப் பட்டியலில் அடுத்தது என் பெயர். எழுதாமல் இருக்க எத்தனை நியாயங்கள் உண்டோ அத்தனையும் எனக்கு வந்தன. படித்தவன் என்பதால் சாதாரண ஆளைவிட நாலைந்து ஜாஸ்தியாகவே வந்தன. ஹெல்மெட்டை மட்டும் அந்த அம்மாவிடம் கொடுத்துவிட்டால் போதாதா என்பது அவற்றில் சிறந்தது. திங்கட்கிழமை வந்தது. இன்ஸ்பெக்டர் என் மேசையைத் தாண்டிப் போகும்போது, "எழுதியாச்சா?" என்றார்.

"இல்ல அய்யா."

"அந்தம்மா வந்து உக்காந்திருக்காங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார்.

எழுதினேன். மூன்று வரி எழுத மத்தியானம் ஆனது. தலைக்கவசம் குறித்துச் சம்பவ இடத்தில் நான் யாரையும் விசாரிக்கவில்லை என்றும், அணிந்திருக்கவில்லை என்று குறித்தது நான் பார்த்துக் குறித்தது அல்ல என்றும், சாட்சிகளுக்கு மகஜரைப் படித்துக் காட்டவில்லை என்றும் எழுதினேன். எதிரே நின்று படித்தேன். விரல் எழவே இல்லை. ஸ்டாம்பை உறையில் போட்டு, அரக்கு வைத்து, கோப்போடு சேர்க்கச் சொன்னார். சொன்னபடியே மெமோ வந்தது. ஊதிய உயர்வு நின்றது, பட்டியலில் என் பெயர் கீழே இறங்கியது. அவர் கையெழுத்து அழகாக இருந்தது.

அன்றே அந்த அம்மாவிடம் ஹெல்மெட்டைக் காட்டி அடையாளம் கேட்டோம். கோணல் எழுத்தின் மேல் விரல் வைத்தார். "இதுக்குத்தான் சார் வந்தேன்" என்றார். கோர்ட்டில் காட்ட வேண்டிய பொருள் என்பதால் கையில் கொடுக்க முடியாது என்று சொன்னேன். "பரவால்ல. இருக்குதுனு எழுதிட்டீங்கல்ல?" என்றார். எழுதிவிட்டோம் என்றேன். அடுத்த திங்கட்கிழமை அந்தப் பெஞ்சு காலியாக இருந்தது.

பிறகு ஒருநாள் நானாகவே பழைய கோப்புகளை எடுத்தேன். என் முத்திரை விழுந்த விபத்து மகஜர்கள். ஒவ்வொன்றிலும் அந்த ஊதா வரி நேராக, அழகாக இருந்தது. அவற்றுக்காக யாரும் வந்து பெஞ்சில் உட்காரவில்லை. அதனால் அவை எல்லாம் சரி என்று ஆகிவிடுமா என்பது எனக்கு இன்றுவரை தெரியாது. மறுபடி விசாரிக்க அன்றைய ரோடும் இல்லை, ஈரச் சட்டையோடு நிற்க ஆளும் இல்லை.

இழப்பீட்டு வழக்கு விசாரணைக்கு வர இரண்டு வருஷம் ஆனது. திருவண்ணாமலைக் கோர்ட்டில் ஏழுமலை முதலில் ஏறினார். லாரித் தரப்பு வக்கீல் மகஜரைக் காட்டி, "இது உம்ம கையெழுத்துதானே? ஹெல்மெட் இல்லைனு இதுல ஒத்துக்கிட்டிருக்கீரே?" என்றார்.

"சார் போடுன்னாரு, போட்டேன். அதுல இன்னா எழுதியிருக்குதுனு எனக்கு எப்படித் தெரியும்?"

பிறகு நான் ஏறினேன். எத்தனையோ கேசில் ஏறிய கூண்டு. அன்றைக்குத்தான் அதற்குக் கைப்பிடி இருப்பதைக் கவனித்தேன்.

"நீங்க எழுதின மகஜர் பொய்யா?"

"அந்த ஒரு வரி நான் பாக்காம எழுதினதுங்க."

"பாக்காம எழுதறது உங்க வழக்கமா?"

"அப்ப வழக்கமா இருந்துச்சுங்க."

"அப்ப இதுல எதைத்தான் நம்பறது?"

"ரோட்டோட அகலத்த நம்பலாங்க. அளந்தேன்."

நீதிபதி நிமிர்ந்து என்னைப் பார்த்தார். சிரிப்பாரோ என்று நினைத்தேன், சிரிக்கவில்லை, குறித்துக்கொண்டார். பின்வரிசையில் சுலோச்சனா அம்மா உட்கார்ந்திருந்தார். அவர் அப்போது என்னைப் பார்க்கவில்லை. மேசைமேல் இருந்த நீல ஹெல்மெட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். சில மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. இறந்தவர் தலைக்கவசம் அணிந்தே வந்தார், விபத்தில் அவர் தவறு ஏதுமில்லை. அந்த வரியை அந்த அம்மா ஊரில் பலருக்குப் படித்துக் காட்டியதாகக் கேள்விப்பட்டேன். நான் பார்க்கவில்லை.

ஆனால் சாட்சி சொன்ன அன்றைக்கு நடந்ததைச் சொல்லி நிறுத்திக்கொள்கிறேன். கோர்ட்டுக்கு எதிரே டீக்கடையில் ஏழுமலையும் நானும் நின்றோம். எனக்கு உடம்பு லேசாகிவிட்டது போல இருந்தது. சொந்த வேலையைப் பணயம் வைத்து உண்மையைச் சொன்ன மனிதன் எப்படி டீ குடிப்பானோ, அப்படிக் குடித்துக்கொண்டிருந்தேன். அத்தோடு விட்டிருக்கலாம். "ஆயிரந்தான் சொல்லு ஏழுமல, நாலு பேர் முன்னாடி நின்னு தன் தப்ப ஒத்துக்கறதுக்கு ஒரு நெஞ்சு வேணும்" என்றேன்.

ஏழுமலை டம்ளரைக் கவிழ்த்துக் கடைசிச் சொட்டையும் குடித்தார்.

"அதென்னமோ சார். அன்னிக்கு ரோட்ல, ஹெல்மெட்ட யாருனா பாத்தீங்களாடான்னு ஒரு வார்த்த கேட்டிருந்தீங்கனா, ஓடிப்போயி எடுத்தாந்து குடுத்திருப்பேன். நீங்கதான் கோயிலுக்கு டயம் ஆயிருச்சுனு வாட்சையே பாத்துக்கினு இருந்தீங்க."